பத்து நகத்திலும் ஒரே கோடு

ஆடி 4, இரவு.

தலை ஆடிக்கு அழைத்து வந்த மகள் செல்விக்கு இன்று மதியம் மருதாணி வைத்துவிட்டேன். பத்து நகத்திலும் நடுவில் குறுக்காக ஒரு பள்ளம்.

“என்னத்தா இது?”

“சோப்புத் தண்ணிம்மா. எண்ணெய் தேச்சா சரியாப்போகும்.”

யாரிடம் கதை விடுகிறாள்? அவள் அப்பா போய்ச் சேர்ந்தபின் என் நகங்களிலும் இதே பள்ளம் வந்தது. உடம்போ மனசோ பலமாக அடிபட்டால் நகம் வளராமல் கொஞ்ச நாள் நின்றுவிடும், அந்த இடம்தான் பிறகு பள்ளமாக ஏறி வரும் என்றார் டாக்டர். எதையும் தேய்க்காவிட்டாலும் தானே வளர்ந்து போய்விடுமாம்.

பள்ளம் நடு நகம் வரை ஏறியிருக்கிறது என்றால் அடிபட்டு மூன்று மாதம் இருக்கும். சித்திரையில் வீரபாண்டித் திருவிழாவுக்கு வரவில்லை, வேலை இருக்கிறது என்று சின்னமனூர் மாமியார் வீட்டிலிருந்து போனில் சொன்னாளே, அப்போதுதான். என்ன நடந்தது அந்த வீட்டில்? கேட்டேன். “ஒண்ணுமில்லம்மா” என்று சிரித்தாள்.

சாயங்காலம் கை கழுவியதும் பக்கத்து வீட்டு மல்லிகா அவள் விரல்களைப் பிடித்துப் பார்த்தாள்.

“இம்புட்டுச் சிவந்திருக்கே! மாப்பிள்ளைக்கு உம்மேல கொள்ளைப் பிரியம் போல.”

செல்வி கையை இழுத்துக்கொண்டாள். அந்தப் பள்ளத்தில்தான் சிவப்பு அதிகமாகப் பிடித்திருந்தது.