அடித்தவனைத் தேடிப் போன நீ

காலையில் அடுப்புக்கு மிலாறு ஒடித்தேன். செடியைக் கவ்வாத்து பண்ணும்போது நறுக்கிப் போட்ட தேயிலைச் சுள்ளி, காய்ந்துவிட்டால் படாரென்று ஒடியும். அந்தச் சத்தத்துக்கு என் இடது கை தானாக எழுந்து முகத்தை மறைத்தது. நீ செத்துப்போனது கைக்கு இன்னும் தெரியவில்லை. கட்டின புருஷன் என்று உயிரோடிருந்தவரை உன்னை 'நீங்க' என்றேன். இனி 'நீ'தான். கோபித்துக்கொள்ள நீ இல்லை.

என்னை அடிக்கும்போது மிலாறு ஒடிந்தால் இன்னொன்றை உருவுவாய். "அடியே, வாயத் தொறந்த, கொன்னுபுடுவேன்!" ஒட்டி ஒட்டி வீடுகள் இருக்கும் லயம் முழுக்கக் கேட்கும். ஒருவரும் வரமாட்டார்கள். என் முழங்கைக்குக் கீழே சதை பிய்ந்த தழும்பு அப்படி வந்தது. நீ செத்துத் தொலைய வேண்டுமென்று நான் வேண்டாத சாமியில்லை.

பிறகு தோட்டத்தில் வேலைநிறுத்தம் வந்தது. காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்களத்தில் வேலைக்குப் போனவர்களும் மறித்தவர்களும் மோதினார்கள். யாரோ ஒருவன் கவ்வாத்துக் கத்தியைத் திருப்பிப் பிடித்து உன் மண்டையில் போட்டான். ஆஸ்பத்திரியில் கண் விழித்து என்னைப் பார்த்தாய்.

"நீங்க யாருங்க?"

உன் பெயர்கூட உனக்குத் தெரியவில்லை. வீட்டுக்கு வந்து மலையூற்று விழும் பீலியிலிருந்து தண்ணீர் சுமந்தாய். நான் சாப்பிட்ட பிறகே சாப்பிட்டாய். ஒருநாள் தழும்பு உன் கண்ணில் பட்டது.

"யாரு ஒங்கள இப்படி அடிச்சது? சொல்லுங்க, அவன வெட்டிப்புடுறேன்!"

முந்தானையை இழுத்துத் தழும்பை மூடினேன். கத்தியை எடுத்துக்கொண்டு லயத்தில் கதவு கதவாக உதைத்தாய். "வெளிய வாடா!" உண்மை தெரிந்தவர்கள் எல்லோரும் வாயைப் பொத்திக்கொண்டார்கள். கடைசிக் காம்பரா அறையில் குடியிருந்த கிழவரின் கழுத்தில் கத்தியை வைத்தபோது ஓடிவந்து உன் கையைப் பிடித்தேன். 'நீதான்' என்ற சொல் நாக்கு நுனிவரை வந்தது. சொன்னால் அந்தக் கத்தி உன் கழுத்துக்கே திரும்பும். என்னை அடித்தவனைக் கொல்ல எனக்கும் ஆசைதான். ஆனால் செத்துக் கிடக்கப்போவது தண்ணீர் சுமந்தவன்.

"அவன் செத்துப் போயிட்டானுங்க," என்றேன்.

"தொலஞ்சான்," என்று கத்தியை வீசினாய்.

காய்ச்சலில் கிடந்த கடைசி நாளில், "அடியே" என்று கூப்பிட்டாய். எத்தனையோ வருடமாகக் கேட்காத சொல். என் கை சட்டென்று முகத்துக்குப் போனது. நீ அந்தக் கையையே பார்த்தாய். உன் கண் நிறைந்துவிட்டது.

"நாந்தானா?"

நான் வாய் திறப்பதற்குள் போய்விட்டாய். உன்னைப் புதைத்த அன்று மார்பில் அடித்துக்கொண்டு அழுதேன். யாருக்காக அழுதேன் என்று பிரித்துப் பார்க்க முடியவில்லை. நீ கேட்டதற்குப் பதில் மட்டும் என்னிடமே கிடக்கிறது. மிலாறு ஒடியும்போதெல்லாம் அதைச் சொல்கிறேன்.

ஆமாங்க. நீங்கதான். தண்ணி தூக்குனதும் நீங்கதான்.