குனிந்து காயவைத்த கூந்தல்

இன்று வெள்ளிக்கிழமை. காலையில் நம் மகள் தலைக்குக் குளித்துவிட்டு வந்து, கண்ணாடி முன்னால் நின்று முடி காயவைக்கிற மெஷினைப் போட்டாள். நான் கூடத்தில் இட்லித் தட்டோடு உட்கார்ந்திருந்தேன். அதன் சத்தம் எனக்குப் பழகிவிட்டது. வாசனைதான் பழகவில்லை. கம்பி சூடேறுகிற வாசனையும் ஈர முடியில் தேய்த்துக் குளித்த அரப்புத்தூள் வாசனையும் சேர்ந்து வந்தால் எனக்குச் சோறு இறங்குவதில்லை. கையைக் கழுவிக்கொண்டு போய் அவள் அறை வாசலில் நின்றேன்.

அவள் மெஷினை உச்சந்தலைக்கு மேலே பிடித்து ஊதிக்கொண்டிருந்தாள். உன் முடிதான் அவளுக்கும். நூல் நூலாக, மண்டையோடு ஒட்டிக்கொள்கிற முடி. பார்த்துக்கொண்டு சும்மா இருக்க முடியவில்லை.

"மேல இருந்து ஊதாத சாமி, படிஞ்சுக்கும். குனிஞ்சு முடிய முன்னால போட்டுக்கிட்டு, பின்கழுத்துப் பக்கமா வேருக்கு ஊது" என்றேன்.

மெஷினை அணைத்துவிட்டுத் திரும்பினாள். "இதெல்லாம் எப்பிடிப்பா கத்துக்கிட்டீங்க?" என்றாள். பிறகு, இரண்டு வருஷமாகக் கேட்காமல் வைத்திருந்ததைக் கேட்டாள். "அம்மா போன அன்னிக்கு ஏம்ப்பா அப்பிடிப் பண்ணுனீங்க?"

எனக்குப் பைத்தியம் பிடித்துவிட்டது என்றுதான் சொந்தக்காரர்கள் அன்றைக்குச் சொன்னார்கள். இன்றைக்கும் சொல்வார்கள். பிணத்துக்கு இரண்டாம் தரம் தலை கழுவிக் காயவைத்தவன் வேறு யார் இருக்கிறான்? மகளுக்கு நேராகச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அதனால் உனக்குச் சொல்கிறேன். அவள் ஆபீசிலிருந்து வந்து, நோட்டை எடுத்துக்கொண்டு எதிரில் உட்கார்ந்து எழுதுகிறாள். நான் கைநாட்டு என்பது உனக்குத் தெரியாததா? நான் வூடு என்று சொன்னால் அவள் வீடு என்று எழுதிக்கொள்கிறாள். எழுதட்டும். விஷயம் மாறாமல் இருந்தால் சரி.

அவள் பிறந்த அடுத்த வருஷம் உனக்கு விஷக்காய்ச்சல் வந்தது. பிழைத்து எழுந்தாய். முடி பிழைக்கவில்லை. பாயிலும் தலையணையிலும் கொத்துக் கொத்தாகக் கிடந்ததை நீ பார்ப்பதற்கு முன்னால் நான் பொறுக்கி வெளியே போட்டுக்கொண்டிருந்தேன். பிறகு முளைத்து நீளமாகவும் வளர்ந்தது, ஆனால் அடர்த்தி வரவில்லை. வகிடு எடுத்தால் வண்டித்தடம் போல வெள்ளையாக மண்டை தெரியும். என் அக்காவுக்கு வாய் சும்மா இருக்குமா? "எந்தம்பி கட்டிக்கிட்டு வந்தப்ப சடை இருந்துச்சு. இப்ப எலிவாலுதான் மிச்சம்" என்று வாசலில் நாலு பேர் இருக்கும்போது சொன்னாள். நீ சிரித்துக்கொண்டே உள்ளே போனாய். அதற்கப்புறம் ஒரு விசேஷத்துக்கும் நீ வரவில்லை. தண்ணீருக்குப் போனாலும் முந்தானையைத் தலையில் போட்டுக்கொண்டு, வெயில் என்பாய். காலை ஆறு மணிக்கு என்ன வெயில்?

நான் அப்போது பாப்பாரப்பட்டியில் ஒரு மெத்தைக் கடைக்கு இலவம்பஞ்சு அடித்துக்கொண்டிருந்தேன். எனக்குத் தெரிந்தது பஞ்சு ஒன்றுதான். படிந்துபோன பழைய பஞ்சை வெயிலில் போட்டுக் கோலால் அடித்தால் மறுபடி பொங்கிவிடும். முடியும் அப்படித்தான் என்று நினைத்துவிட்டேன். ஒரு வெள்ளிக்கிழமை நீ தலை குளித்ததும், பின்பக்கம் கட்டிலைப் போட்டு உன்னைப் படுக்க வைத்து, தலைமாட்டில் ஒரு முறத்தை வைத்து, முடியை அதில் பரப்பிவிட்டேன். உச்சி வெயில். நான் கடையிலிருந்து வந்த கோலத்தில், பஞ்சுக்கோலைக் கையிலேயே வைத்திருந்தேன்.

"கோலு எதுக்குங்க? அடிக்க வேற போறீங்களா?" என்றாய்.

"அடிச்சாத்தானே புள்ள பொங்கும்."

"அப்பிடியே ஒரு உறையையும் தெச்சு மாட்டி வித்துட்டு வந்துருங்க" என்று கட்டில் ஆட ஆடச் சிரித்தாய். காய்ச்சலுக்குப் பிறகு நீ அப்படிச் சிரித்து அன்றுதான் பார்த்தேன். ஆனால் சாயங்காலம் உனக்குத் தலைவலி மண்டையைப் பிளந்தது. முடி சோளநார் மாதிரி மொறமொறவென்று ஆகி, சீப்பு வைத்தால் ஒடிந்தது. இருந்ததிலும் கொஞ்சம் போயிற்று. நீ ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. அதுதான் எனக்கு ஆறவில்லை.

அந்த மழைக்காலத்தில் கடையில் ஒரு மூட்டை நனைந்துவிட்டது. வெயில் இல்லை. நிழலில் கயிற்றுக்கட்டில் மேல் பரப்பி, அடியில் கையை விட்டு மெள்ள மெள்ளத் தூக்கி உதறிக்கொண்டே இருந்தேன். கீழேயிருந்து காற்றுப் போகப் போகப் பஞ்சு தன்னால் எழுந்தது. மேலிருந்து அமுக்கின இடமெல்லாம் கட்டி தட்டிப் போயிருந்தது. பார்த்துக்கொண்டே நின்றேன். வேலையை அப்படியே போட்டுவிட்டு வீட்டுக்கு நடந்து வந்தேன்.

நீ செய்துகொண்டிருந்ததெல்லாம் தலைகீழ். குளித்ததும் துண்டால் முறுக்கிப் பிழிந்து, ஈரத்தோடு எண்ணெய் தடவி, இழுத்து வாரிக் கொண்டை போட்டுவிடுவாய். மெலிந்த முடி அப்படியே ஒட்டிக் காய்ந்துவிடும். பிறகு எழவே எழாது. அடுத்த வெள்ளிக்கிழமை கதவைச் சாத்தினோம். உன்னை மணையில் உட்கார வைத்துக் குனியச் சொன்னேன். முடி முழுவதும் முன்னால் தொங்கியது. என் பழைய வேட்டியால் தேய்க்காமல் ஒற்றி ஒற்றி எடுத்தேன். பிறகு பின்கழுத்திலிருந்து வேருக்குள் விரலை விட்டு, தூக்கித் தூக்கி விட்டேன். இன்னொரு கையில் விசிறி. முக்கால் பங்கு காய்கிற வரைக்கும் சீப்பைத் தொடவிடவில்லை. குனிந்தபடியே வாரினேன். நீ நிமிர்ந்தாய்.

அரை விரல் உயரம்தான் எழுந்திருந்தது. ஆனால் மண்டை தெரியவில்லை. வகிட்டை நேராக எடுக்காமல் நெற்றியிலிருந்து கொஞ்சம் சாய்த்து, பாதியில் நிறுத்தினேன். எண்ணெய் இரண்டு சொட்டு, நுனிக்கு மட்டும். சடையை இறுக்காமல் பின்னி, பின்னின பிறகு சடையின் ஒவ்வொரு காலாக விரலால் இழுத்து அகலப்படுத்தினேன். நீ கைக்கண்ணாடியை இப்படியும் அப்படியும் திருப்பித் திருப்பிப் பார்த்தாய். "ஊருக்குத் தெரிஞ்சா உங்களப் பொம்பளைம்பாங்க" என்றாய். சொல்லிவிட்டு, முந்தானையைத் தோளிலேயே விட்டுவிட்டுத் தண்ணீருக்குப் போனாய்.

அன்றிலிருந்து வாரம் தவறியதில்லை. சண்டை போட்ட வாரத்திலும் வெள்ளிக்கிழமை வந்தால் நீ பேசாமல் வந்து மணையில் குனிவாய். நானும் பேசாமல் விசிறியை எடுப்பேன். கம்பைநல்லூரில் ஒரு கல்யாணத்தில் அக்கா உன் பின்னாலேயே வந்து சடையைத் தூக்கிப் பார்த்தாள். "ஏம்புள்ள, டவுன்ல ஏதாச்சும் மருந்து கிருந்து வாங்கிப் பூசறயா?"

"அரப்புத்தானுங்க நாத்தனா. வேற ஒண்ணுமில்லீங்க."

"கோண வகிடு எடுக்காதடி. வர்ற மருமவன் கோணலா வருவான்."

"நேர் வகிட்டுக்கு வந்தவரையே பாத்துட்டனுங்களே" என்று நீ சொன்னது பந்தியில் இருந்த எனக்கும் கேட்டது.

மகள் வேலைக்குப் போன முதல் வருஷம் இந்த மெஷினை வாங்கிக் கொடுத்தாள். நீயே பிடித்துக்கொள்வதாக நினைத்திருப்பாள். பிடித்தது நான்தான். முதலில் சின்னச் சூடு, கடைசியில் வெறும் காற்று. வயசாக ஆக உன் முடி இன்னும் குறைந்தது. எனக்கும் கை தூக்கினால் தோள் வலித்தது. ஒரு மணி நேர வேலை இரண்டு மணி நேரம் ஆயிற்று. அலுப்பாக இருந்த நாளெல்லாம் உண்டு. இன்றைக்கு விட்டுவிடலாமா என்று கேட்ட நாளும் உண்டு. நீ குனிந்தே இருப்பாய்.

நல்லம்பள்ளியில் உன் சித்தி இறந்தபோது போய்விட்டு வந்தோமே, அன்றைக்குப் பஸ்ஸில் முந்தானையைத் தலையில் இழுத்துவிட்டுக்கொண்டே வந்தாய். வீட்டுக்கு வந்து குளித்துவிட்டுச் சொன்னாய். "அத்தன பேரும் ஆளுக்கு ஒரு கை எண்ணெயும் அரப்பும் வெச்சு, வழிச்சு வாரிட்டாங்க. சித்தியோட மண்ட எனக்குத் தெரிஞ்சுதுங்க. எனக்கும் அப்பிடித்தான் பண்ணுவாங்க. அத்தன பேரு முன்னால என்னய அப்பிடிப் படுக்க வெக்காதீங்க."

"நாந்தான் முன்னால போவேன் புள்ள" என்றேன்.

"அத விடுங்க. விடமாட்டேன்னு சொல்லுங்க."

சொன்னேன். வாய்வார்த்தைதானே என்று சொல்லவில்லை. செய்ய முடியும் என்று நினைத்துத்தான் சொன்னேன்.

நீ போனது ஐப்பசி அடைமழையில். வேலை பார்த்த ஊரிலிருந்து மகள் வந்து சேர வேண்டும் என்று ஒரு நாள் முழுக்க உன்னை ஐஸ் பெட்டியில் வைத்திருந்தார்கள். மறுநாள் பெட்டியைத் திறந்து குளிப்பாட்டப் பெஞ்சில் கிடத்தினார்கள். சொந்தக்காரர்கள் வரிசையாக வந்து எண்ணெயும் அரப்பும் வைத்தார்கள். அது முறை. வேண்டாம் என்று நான் யாரைச் சொல்வது? ஒவ்வொரு கையாக வைக்க வைக்க உன் தலை சின்னதாகிக்கொண்டே போயிற்று. கடைசியில் பெண்கள் ஒரு சொம்புத் தண்ணீரை ஊற்றி, சீப்பை எடுத்து, நடு வகிடு எடுத்து வழித்து வாரினார்கள். மண்டை தெரிந்தது. எல்லோரும் பார்த்தார்கள்.

நான் எழுந்துபோய்ச் சீப்பைப் பிடுங்கினேன். "எல்லாரும் தள்ளுங்க. வெந்நி கொண்டாங்க" என்றேன்.

"நேரமாவுதுங்க. ராவுகாலத்துக்கு முன்னால எடுக்கோணும்" என்றார் பாடை கட்டினவர். அக்கா என் தோளைப் பிடித்து உலுக்கினாள். "டே தம்பி, புத்தி பேதலிச்சுப் போச்சா? பொணத்துக்கு யாருடா தல காயவெப்பாங்க?"

"நாந்தாக்கா வெப்பேன். நாப்பது வருசமா நாந்தான் வெச்சேன்."

அக்கா கையை எடுத்துவிட்டாள். சுற்றி நின்றவர்கள் என்ன புரிந்துகொண்டார்களோ, சேலையை நாலு பக்கமும் பிடித்து மறைத்தார்கள். மகள்தான் ஓடிப்போய் மெஷினை எடுத்துவந்து, ஐஸ் பெட்டிக்கு மின்சாரம் வந்த ஒயரில் மாட்டிக் கொடுத்தாள். எதற்கு என்று அவள் கேட்கவில்லை. அதற்கு அவளுக்கு நான் ஒரு நல்ல வார்த்தை சொன்னதில்லை. இப்போது சொல்லிக்கொள்கிறேன்.

மூன்று தரம் அரப்புப் போட்டு எண்ணெயை எடுத்தேன். எண்ணெய் போய்விட்டது. அதற்கப்புறம்தான் எனக்குத் தெரியாத ஒன்று வந்தது. உன் கழுத்து விறைத்திருந்தது. குனிய வைக்க முடியவில்லை. அக்கா, எண்பது வயசுக்காரி, உன் தோளுக்கு அடியில் கையைக் கொடுத்துத் தூக்கிப் பிடித்தாள். நான் அடியிலிருந்து ஊதினேன். வேருக்குள் விரலை விட்டுத் தூக்கினேன். காய்ந்தது. மெஷினை அந்தப் பக்கம் திருப்பினால் இந்தப் பக்கம் மறுபடி நனைந்திருந்தது. பெட்டியின் குளிர் உனக்குள்ளே இருந்தது. தோலில் வேர்வை மாதிரி ஈரம் பூத்துக்கொண்டே இருந்தது. நாற்பது வருஷமாக என் விசிறிதான் உன் தலையைக் காயவைத்தது என்று இருந்தேன். பாதியைக் காயவைத்தது உன் தலையில் இருந்த சூடு. அது இல்லாமல் என் கை ஒன்றுக்கும் ஆகவில்லை.

எவ்வளவு நேரம் என்று தெரியாது. மழை பிடிக்கப் போகிறது என்று வெளியே சத்தம் போட்டார்கள். அக்கா உன்னை மெள்ளப் பெஞ்சில் சாய்த்தாள். "போதுண்டா தம்பி. நல்லாத்தான் இருக்கு" என்றாள். நல்லாயில்லை. அவளுக்கும் தெரியும். தன் மடியில் வைத்திருந்த மல்லிகைச் சரத்தை எடுத்து, மண்டை தெரிந்த இடத்தைப் பார்த்துப் பார்த்துச் சுற்றினாள். எலிவால் என்று சொன்ன அதே அக்கா. வெளியே யாருக்கும் ஒன்றும் தெரியாதபடி பூவால் மூடினாள். பிறகு சேலையை விலக்கச் சொன்னாள்.

அத்தனை பேர் முன்னால் உன் தலை நன்றாகத்தான் தெரிந்தது. சொன்ன சொல்லை அந்த மட்டுக்கும் காப்பாற்றினேன். பூவுக்கு அடியில் என்ன இருந்தது என்று தெரிந்தது எனக்கும் அக்காவுக்கும் மட்டும்தான். இப்போது எழுதுகிற இவளுக்கும்.

ஈரத்தோடு அனுப்பிவிட்டேன். மழையில் நனைந்த மண்ணுக்குள் ஈரத்தலையோடு உன்னை வைத்துவிட்டு வந்தேன். எண்ணெயோடு விட்டிருந்தால் நனைந்திருக்காதோ, என் பிடிவாதத்தால்தான் இப்படி ஆயிற்றோ என்று யோசித்து யோசித்துக் களைத்துவிட்டேன். அக்காவைக் கேட்டால் அழுகிறாள். மகளைக் கேட்டால், எழுதுவதை நிறுத்திவிட்டுத் தலை குனிந்துகொள்கிறாள்.

இரண்டு வருஷம் ஆகிவிட்டது. இந்நேரம் எல்லாம் காய்ந்துபோயிருக்கும் என்று புத்தி சொல்கிறது. என் விரல்தான் நம்பமாட்டேன் என்கிறது.