கறுப்பையாவுக்கு ஒரு சாரம்

ஜனவரி 6, திங்கள்

இரண்டு பொலிஸ்காரர் திகனக் கடைக்கு வந்து என்னை விசாரித்துப் போயிருக்கிறார்கள். தெல்தெனியப் பக்கத் தோட்டமொன்றில் கிளாக்கராக இருந்த எஸ்ரன் டிசம்பரில் எனக்கு ஒன்பது மூட்டை கராம்பு விற்றான். தோட்டத்துக் கடிதமும் காட்டினான். கடிதம் கள்ளமாம், கராம்பு களவாம். பிடிபட்ட கழுதை இப்போது என்னையும் இழுக்கிறது, எல்லாம் தெரிந்துதான் வாங்கினேன் என்று.

இந்தத் தெருவில் மூட்டை சுமந்து கடை போட்டவன் நான். இதே தெருவில் விலங்கோடு நடக்க மாட்டேன்.

ஜனவரி 7

சட்டத்தரணி விவேகானந்தனிடம் போனேன். யாழ்ப்பாணத்தார். பிடிக்குமுன்னமே பிணை கேட்கலாமாம். முன்பிணை. மனுவும் சத்தியக்கடதாசியும் போட்டால் பொலிசுக்கு அறிவித்தல் போகும், இரண்டு பக்கமும் கேட்டு நீதவான் சொல்வார். கைதாவேன் என்று பயப்பட நியாயம் இருக்கிறதா, ஓடிவிடுவேனா, சாட்சியைக் குழப்புவேனா, முக்கியமாகப் பார்ப்பது இவ்வளவுதானாம். இதைச் சொல்ல அந்த மனிதருக்கு ஒரு மணித்தியாலம். கராம்பு காய்ந்ததா இல்லையா என்று நான் ஒரு கிள்ளலில் சொல்வேன்.

எழும்பும்போது சொன்னார்: “கறுப்பையாவின்ர பக்கம் மட்டும் போகாதேங்கோ.”

கறுப்பையா அன்று மூட்டை இறக்கிய நாட்டாமை, கூலிக்குச் சுமக்கிறவன். பொலிஸ் அவனிடம் வாக்குமூலம் எடுத்துவிட்டது. என்ன சொன்னான் என்று லாயருக்கும் தெரியாது. முப்பது வருசத்துக்கு முன் என்னோடு சுமந்தவன். நான் கடை எடுத்தேன், அவன் முதுகு இன்னும் மூட்டைக்குக் கீழேதான். அப்படிப்பட்டவனுடைய வாயிலா என் மானம்?

ஜனவரி 9

மனு போட்டாயிற்று. விசாரணை பதினாறாம் திகதி. மச்சான் றொசான் நுவரெலியாவில் போய் ஒளியச் சொல்கிறான். ஒளிந்தால் ஓடுகிறவன் என்று நானே எழுதிக் கொடுத்த மாதிரி. மூளை இருந்தால்தானே.

ஜனவரி 12, ஞாயிறு

பூசை முடிந்ததும் மனைவி ஐரினை மஹய்யாவ வீட்டில் இறக்கிவிட்டு, கறுப்பையா வீட்டுக்குப் போனேன். லாயருக்குச் சட்டம் தெரியும், ஆட்களைத் தெரியாது. நேரில் போய், கையில் ஒன்றைக் கொடுத்து, முகம் பார்த்துப் பேசினால் தீராத பிரச்சினையை நான் கண்டதில்லை. இடுப்பில் உடுக்க நல்ல சாரம் ஒன்று. பொங்கலுக்கு என்றேன்.

சாரத்தைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். “என்னங்க முதலாளி, இந்த வருசம் புதுசா?”

நடந்ததைப் பார்த்துச் சொல்லு என்று மட்டும் சொன்னேன். தலையாட்டினான். இவ்வளவுதான் வேலை.

ஜனவரி 16

பொலிஸ் பொறுப்பதிகாரி எழும்பி, மனுதாரர் சாட்சியின் வீட்டுக்குப் போனவர் என்றார். திரும்ப விசாரித்தபோது கறுப்பையாவே சொன்னானாம், சாரத்தையும் எடுத்துக் கொடுத்தானாம். விவேகானந்தன் என் பக்கம் திரும்பிய பார்வை! பிறகு சமாளித்தார்: பொங்கலுக்குக் கொடுத்த அன்பளிப்பு, வேறொன்றுமில்லை.

நீதவான் ஒன்றுதான் கேட்டார். போன வருசமும் கொடுத்தாரா?

லாயர் குனிந்து என்னிடம் கேட்டார். இல்லை என்றேன். அதற்கு முந்திய வருசம்? – எந்த வருசமும் இல்லை.

மனு தள்ளுபடி.

ஜனவரி 17

அவர்கள் தெருவுக்கு வருமுன் நானே பொலிசுக்குப் போகிறேன். லாயரும் வருகிறார். சாவி ஐரினிடம். அவள் ஒரு வார்த்தை ஏசவில்லை. ஏசியிருக்கலாம்.

பெப்ரவரி 1

பதினான்கு நாள். நேற்றுப் பிணையில் விட்டார்கள். உள்ளே கண்ட ஆட்களைப் பற்றி எழுத எனக்கு மனமில்லை.

விவேகானந்தனுக்கு இப்போதுதான் கறுப்பையாவின் முதல் வாக்குமூலம் கிடைத்திருக்கிறது. நான் சாரம் கொண்டுபோவதற்கு ஒரு கிழமைக்கு முன் கொடுத்தது. வாசித்துக் காட்டினார்: “முதலாளி கடுதாசிய ரெண்டு தரம் வாசிச்சாரு. அதுல இருந்த நம்பருக்குப் போன் போட்டாரு. அதுக்கப்புறம்தான் மூட்டைய எறக்கச் சொன்னாரு.”

அந்த நம்பர் எஸ்ரனின் கூட்டாளியுடையதாம். அது வேறு கதை.

வாசித்து முடித்துக் கண்ணாடியைக் கழற்றினார். “இந்தச் சாட்சியையோ நீங்கள் வாங்கப் போனனீங்கள்?”

முப்பது வருச வியாபாரி. எனக்குச் சொந்தமான சரக்கை நானே விலை பேசிக் கெடுத்திருக்கிறேன். எஸ்ரனைக் கழுதை என்று எழுதி வைத்தேன்.

பெப்ரவரி 4

பக்கத்துக் கடைக்கு லொறி வந்தது. கறுப்பையா மூட்டை இறக்கினான். வழக்கு முடியும்வரை நான் அவனோடு பேசக் கூடாது, அது பிணை நிபந்தனை. என் வாசலைக் கடக்கும்போது தோளில் மூட்டையோடு ஒரு கணம் நின்றான். நான் தராசைத் துடைத்துக்கொண்டிருந்தேன்.

பழைய சாரம்தான் உடுத்திருந்தான். நான் கொடுத்தது வழக்குப் பொருளாகப் பொலிசில் இருக்கிறது.