நாலாம் பகுதியில் மூன்றாவது பெயர்

யாழ்ப்பாணம்,
10.10.2024

மதிப்புக்குரிய மின்ஹாஜ் நானாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். ஸலாம் சொல்லாமல் கடிதம் தொடங்கக் கூடாது என்று வாப்பா நம் இருவரையும் பழக்கிவிட்டதால் சொல்கிறேன். மற்றப்படி சுகம் விசாரிக்க எழுதவில்லை. நேற்றிலிருந்து ஒன்பது தடவை போனில் கோல் எடுத்துவிட்டேன். நீங்கள் எடுக்கவில்லை. அதனால்தான் பதிவுத் தபால். கையெழுத்து வைத்து வாங்கிய கடிதத்தைக் கிடைக்கவில்லை என்று சொல்ல உங்களாலும் முடியாது.

நேற்றுக் காலை பிரதேச செயலகக் கந்தோர் வாசலில் வீட்டுத் திட்டப் பட்டியலை ஒட்டியிருந்தார்கள். நஸ்லியாவையும் கூட்டிக்கொண்டு போனேன். பிள்ளைக்கு வருகிற மார்ச்சில் ஓ.எல். சோதனை. ஒழுகாத ஓர் அறைக்குள் மேசை போட்டுப் படிக்கலாம் என்ற ஆசையில் பள்ளிக்கூடத்தையும் விட்டுவிட்டு வந்தாள். முதலாம் பகுதி, மீளக் குடியேறியோர். தேடினோம், இல்லை. இரண்டாம் பகுதி, உப குடும்பங்கள். தொண்ணூறில் முஸ்லிம்களை இங்கிருந்து துரத்தியபோது பெற்றோரோடு போய், பிறகு தனிக் குடும்பமாகத் திரும்பி வந்தவர்கள். நான் அதில்தான் வரவேண்டும். அதிலும் இல்லை. மூன்றாம் பகுதி காணி இல்லாதவர்கள். வாப்பாவின் காணி இருக்கிறது, உறுதிப் பத்திரம் என் பெட்டிக்குள் இருக்கிறது, ஆனாலும் அதையும் தேடினோம். பிறகு தாளின் அடியில் நாலாம் பகுதி. தலைப்பு, வகைப்படாமை. கீழே மூன்று பெயர். முதலாமவர் மௌத்தாகி இரண்டு வருசம். இரண்டாமவர் லண்டனில் இருக்கிறார். மூன்றாவது நான்.

அந்தச் சொல் எனக்குப் புதிது இல்லை. போன வருசம் ஹஜ்ஜுப் பெருநாளுக்குக் கொழும்புக்கு உங்கள் வீட்டுக்கு வந்திருந்தபோது சாப்பாட்டு மேசையில் நீங்களே சொன்னீர்கள். உங்கள் திணைக்களத்துக்கு மொழிபெயர்க்க ஓர் இங்கிலீஷ் சொல் வந்தது, தமிழில் அதற்கு ஒருத்தரிடமும் சொல் இல்லை, நாலு நாள் மண்டையை உடைத்து நீங்கள் கண்டுபிடித்தது இது என்று. பஹ்மிதா மதினி உங்கள் தட்டில் இன்னொரு இறைச்சித் துண்டை வைத்தா. நானும் மாஷா அல்லாஹ் சொன்னேன். அதை இப்போது திருப்பி எடுத்துக்கொள்கிறேன்.

கந்தோரில் வீட்டுத் திட்டத்தைப் பார்க்கிற மேர்சி என்ற பிள்ளையிடம் இதற்கு என்ன அர்த்தம் என்று கேட்டேன். "எனக்கும் வடிவாத் தெரியாது அக்கா. கொழும்பிலையிருந்து வந்த படிவத்திலை கிடக்கு. உதுக்குள்ளை விழுந்தால் வீடு இல்லை, அது மட்டும்தான் தெரியும்" என்றாள். முப்பதாம் திகதி வரைக்கும் மேன்முறையீடு செய்யலாமாம். அதற்குப் பிறகு பட்டியல் மூடிவிடும்.

ஆகவே இரண்டு கேள்வி. ஒன்று, உங்கள் சொல்லுக்கு என்ன பொருள். இரண்டு, நான் ஏன் அதற்குள் கிடக்கிறேன். கொழும்பில் இருக்கிற நீங்கள் ஒரு நடை போய் விசாரித்தால் தெரியும். பதினாலு வருசமாகத் தகரத்துக்குக் கீழே இருக்கிறோம். மழைகாலம் தொடங்கிவிட்டது. தையல் மெசினைக் கட்டிலுக்கு மேலே ஏற்றி வைத்துவிட்டு நாங்கள் இருவரும் கீழே படுக்கிறோம்.

இப்படிக்கு,
றஷீதா


யாழ்ப்பாணம்,
19.10.2024

நானாவுக்கு,

ஸலாம். உங்கள் கடிதம் கிடைத்தது. கோல் எடுக்க நேரமில்லாத ஆளுக்கு இரண்டு பக்கம் எழுத நேரம் கிடைத்திருக்கிறது. கையெழுத்து வழக்கம்போல வடிவாக இருந்தது.

"வகைப்படாமை, பெயர்ச்சொல். எந்த வகையுள்ளும் அடங்காதிருக்கும் நிலை. அருகிய வழக்கு. பொருள்கள், ஆவணங்கள், உயிரினங்கள் ஆகியன பற்றி வழங்கும். மனிதரைக் குறித்து வழங்குதல் பொருத்தமன்று." பிறகு மூன்று எடுத்துக்காட்டு வசனம். நூலகத்தில் வகைப்படாமையால் ஒரு புத்தகம் கிடைக்காமல் போகிறது. கடலில் பிடித்த ஒரு பிராணியின் வகைப்படாமை ஆய்வாளரை வியக்க வைக்கிறது. மூன்றாவதை நான் வாசிக்கவில்லை. நஸ்லியா வாசித்துவிட்டு, மாமா எங்களுக்கு மொடல் பேப்பரோ அனுப்பியிருக்கிறார் என்று கேட்டாள்.

என் இரண்டாவது கேள்விக்கு ஒரு வரிகூட இல்லை. ஏன் இல்லை என்று எனக்கு இப்போது தெரியும்.

செவ்வாய்க்கிழமை மேர்சி என் விண்ணப்பக் கோவையைத் தேடி எடுத்துவிட்டாள். அதற்குள் புத்தளத்திலிருந்து வந்த ஒரு கடதாசியின் பிரதி இருந்தது. தொண்ணூறில் நாங்கள் போய் இருந்த புத்தளத்தில் வாப்பாவுக்குத் திட்டத்தில் கிடைத்த வீடு 2013ஆம் ஆண்டு எனக்குச் சீதனமாகக் கொடுக்கப்பட்டுவிட்டதாம். அந்த வீட்டில் உங்களுக்கு எந்த உரிமையும் இல்லையாம். கீழே உங்கள் கையெழுத்து. அதே வடிவான கையெழுத்து.

நானா, நான் பர்ஹானைக் கலியாணம் முடித்தது 2006இல். அவர் சீதனம் ஒன்றும் வேண்டாம் என்று சொன்ன மனுசன். 2010இல் யாழ்ப்பாணத்துக்குத் திரும்பி வந்து வாப்பாவின் காணியில் தகரம் அடித்தோம். 2013இல் நான் இங்கே ஐந்து வயதுப் பிள்ளையோடு கிணற்றுச் சேறு அள்ளிக்கொண்டிருந்தேன். அந்த வருசம்தான் உங்களுக்குக் கொழும்பில் தொடர்மாடி வீடு கிடைத்தது. சொந்த வீடு இல்லாத உத்தியோகத்தர்களுக்கு மட்டும் கொடுத்தது. வாப்பாவுக்குப் பிறகு உங்கள் பெயருக்கு வந்த புத்தளத்து வீட்டை உங்கள் தலையிலிருந்து இறக்கி என் தலையில் வைத்துவிட்டு, அதை வாடகைக்கும் விட்டு, நீங்கள் தொடர்மாடிக்குப் போயிருக்கிறீர்கள். ஒருத்தரும் கேள்வி கேட்கவில்லை. எங்கள் ஆட்களில் வீடு பெண்பிள்ளைக்குத்தான் போகும் என்பது எல்லோருக்கும் தெரிந்த வழக்கம். அந்த வழக்கத்தை வைத்தே செய்திருக்கிறீர்கள்.

இப்போது என் நிலையைக் கேளுங்கள். புத்தளத்தில் வீடு இருப்பதால் யாழ்ப்பாணத்தில் எனக்கு வீடு இல்லை. யாழ்ப்பாணத்தில் குடியிருப்பதால் புத்தளத்தில் என் பதிவை எப்போதோ வெட்டிவிட்டார்கள். திரும்பி வந்தவளும் இல்லை, அங்கே குடியேறியவளும் இல்லை. மருதனார்மடம் சந்தையில் மிச்சமாகக் கிடக்கிற அடிபட்ட மரக்கறியைக்கூட ஒரு குவியலாகச் சேர்த்து விலை சொல்லி விற்கிறார்கள். என்னை எந்தக் குவியலில் போடுவது என்று அரசாங்கத்துக்குத் தெரியவில்லை. அப்படிப்பட்டவர்களைப் போட நீங்கள் ஒரு சொல் செய்து கொடுத்தீர்கள், போடுவதற்கு ஆளையும் நீங்களே கொடுத்தீர்கள்.

உங்கள் எடுத்துக்காட்டுகள் நன்றாக இல்லை. நான் மூன்று எழுதித் தருகிறேன், அகராதி போடும்போது சேர்த்துக்கொள்ளுங்கள். றஷீதாவின் வகைப்படாமைக்குக் காரணம் அவளுடைய நானா. பர்ஹான் தன் வகைப்படாமை தெரியாமலே ஆறு வருசம் கந்தோர்ப் படி ஏறி இறங்கி மௌத்தானார். வகைப்படாமை மழைக்கு ஒழுகும்.

இரண்டாவதைத் திருப்பி வாசியுங்கள். ஆறு வருசம், நானா. ஒருமுறை ஒதுக்கீடு முடிந்தது என்றார்கள், ஒருமுறை பட்டியல் மீளாய்வில் என்றார்கள். காரணத்தை ஒருவரும் சொல்லவில்லை. அவர் வந்து, நான் ஏதோ படிவத்தைப் பிழையாக நிரப்பிவிட்டேன் போல என்று தன்னைத்தான் குறை சொல்லுவார். 2019இல் அவருடைய மையத்தை அடக்க நீங்கள் வந்தீர்கள். இந்தத் தகரத்துக்குக் கீழே இருந்து அழுதீர்கள். "என்னெண்டு தங்கச்சி இதுக்குள்ளை இருக்கிறாய்" என்று கேட்டீர்கள். அந்த நேரம் உங்களுக்குத் தெரியும். நான் உங்கள் தோளில் சாய்ந்து அழுததை நினைத்தால் எனக்கு இப்போது உடம்பெல்லாம் பற்றி எரிகிறது.

எனக்கு வேண்டியது ஒன்றுதான். புத்தளத்து வீடு றஷீதாவுக்குக் கொடுக்கப்படவில்லை, அவள் அதில் ஒரு நாளும் குடியிருக்கவில்லை என்று ஒரு சத்தியக்கடதாசி. அதை நீங்கள் நேரில் வந்து மேர்சியின் மேசையில் கொடுக்க வேண்டும். முப்பதாம் திகதிக்கு முன்பு.

நாலாம் பகுதி, வரிசை எண் மூன்று


யாழ்ப்பாணம்,
25.10.2024

நானாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும்.

இந்த முறை நீங்கள் எழுதவில்லை. பஹ்மிதா மதினி கோல் எடுத்தா. முதலில் நஸ்லியாவின் படிப்பை விசாரித்தா, பிறகு அழுதா. நீங்கள் சாப்பிடுகிறீர்கள் இல்லையாம், பிறசர் ஏறிவிட்டதாம். அந்தச் சத்தியக்கடதாசியைக் கொடுத்தால் தொடர்மாடி வீட்டுக்குப் பொய் சொன்னது வெளியே வந்துவிடும், வேலையும் போகும், பென்சனும் போகும் என்றா. "இன்னும் நாலு வருசம்தானே றஷீதா, அவர் ஓய்வு பெறட்டும். அதுமட்டும் பொறுக்கமாட்டியா" என்று கேட்டா. நாலு வருசத்தில் நஸ்லியாவுக்கு இருபது வயது. தகர வீட்டில் பெண் கேட்டு யார் வருவார் என்று நான் மதினியிடம் கேட்கவில்லை. அவவுக்கும் பெண்பிள்ளைகள் இருக்கிறார்கள், அவவுக்குத் தெரியும். ஆனால் அவவுடைய பிள்ளைகள் தொடர்மாடியில் இருக்கிறார்கள்.

நேற்று மேர்சியிடம் போய், நானா வராவிட்டால் என்ன வழி என்று கேட்டேன். அவள் சுற்றிப் பார்த்துவிட்டு ஒரு படிவத்தை எடுத்துத் தந்தாள். "உங்கடை நானா வந்து தானாச் சொன்னால் விளக்கம் கேட்டுப்போட்டு விடுவினம். அவர் வராட்டி, இதை நீங்கள் நிரப்பித் தாங்கோ. பொய்ப் பதிவு எண்டு முறைப்பாடு. உங்களுக்கு வீடு கிடைக்கும். ஆனால் இது நேரே அவற்றை திணைக்களத்துக்குப் போகும் அக்கா, பிறகு எங்கடை கையிலை ஒண்டும் இல்லை" என்றாள்.

படிவத்தைக் கொண்டுவந்து கட்டிலில் வைத்து நிரப்பினேன். முறைப்பாட்டாளர் பெயர், நிரப்பினேன். பிறந்த இடம், யாழ்ப்பாணம். பொய்ப் பதிவு செய்தவரின் பெயர், உங்கள் முழுப் பெயர், வாப்பாவின் பெயரோடு. அடுத்த வரி, மேற்படி நபர் உமக்கு என்ன உறவு. அந்த இடத்தில் பேனை நின்றுவிட்டது.

எனக்கு அப்போது எட்டு வயது, உங்களுக்கு இருபத்திரண்டு. ஊரை விட்டுப் போகச் சொல்லி இரண்டு மணித்தியாலம் தந்த அன்று, வெளியே விடுகிற இடத்தில் துவக்கு வைத்திருந்த இயக்கக்காரர்கள் ஆட்களைப் பிரித்தார்கள். ஆண்கள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கம், பைகள் ஒரு பக்கம். உம்மா முன்னால் போய்விட்டா. என்னைப் பெண்கள் பக்கம் போகச் சொன்னார்கள். நீங்கள் கையை விடவில்லை. யார் இது என்று ஒருவன் அதட்டிக் கேட்டான். "என்ரை தங்கச்சி. என்னோடைதான் வருவா" என்றீர்கள். என் கையை இன்னும் இறுக்கிப் பிடித்தீர்கள். அன்று எங்களிடம் இருந்ததை எல்லாம் எடுத்தார்கள். உம்மாவின் காதில் கிடந்ததையும் எடுத்தார்கள். என் கையை மட்டும் உங்களிடமிருந்து எடுக்க முடியவில்லை.

அதற்குப் பிறகு எந்தக் கந்தோரில் எந்தப் படிவம் தந்தாலும் எனக்குச் சந்தேகம் இருந்தது. இங்கே என்னைப் புத்தளத்து ஆள் என்றார்கள், புத்தளத்தில் யாழ்ப்பாணத்தாள் என்றார்கள். இந்த ஒரு கேள்விக்கு மட்டும் ஒரு நாளும் யோசிக்க வேண்டி வந்ததில்லை. நேற்று யோசித்தேன். அதற்காக உங்களை நான் மன்னிக்கவில்லை. வீட்டுக்காகக் கூட ஒருவேளை மன்னித்துவிடுவேன். பர்ஹானுக்காகவும் இதற்காகவும் மன்னிக்கமாட்டேன்.

உங்கள் பென்சன் போவது எனக்குச் சந்தோசம் என்று நினைக்காதீர்கள். ஆனால் நீங்கள் தானாகப் போய்ச் சொன்னால் விளக்கத்தோடு முடியலாம் என்று மேர்சி சொன்னதை இரண்டு தடவை வாசியுங்கள். நான் சொல்லி முடிவதற்கும் நீங்கள் சொல்லி முடிவதற்கும் வித்தியாசம் இருக்கிறது. சொல்லோடு புழங்குகிற ஆளுக்கு இதை நான் விளக்கத் தேவையில்லை.

புதன்கிழமை, முப்பதாம் திகதி. தொண்ணூறில் அந்த இரண்டு மணித்தியாலம் தந்ததும் இதே திகதிதான் என்று உங்களுக்கு ஞாபகம் இருக்கும். மூன்று மணிக்கு மேர்சி பட்டியலைக் கட்டுவாள். நான் காலையிலேயே போய் வாசலில் இருப்பேன். படிவம் கையில் இருக்கும். எல்லாம் நிரப்பியாயிற்று, அந்த ஒரு வரியைத் தவிர. மூன்று மணி வரைக்கும் அதை நிரப்பமாட்டேன். நீங்கள் வந்தால் படிவத்தைக் கிழித்துவிடுவேன். வராவிட்டால், உறவு என்ற இடத்தில் உங்கள் சொல்லைத்தான் எழுதுவேன். மனிதருக்கு அது பொருந்துமா பொருந்தாதா என்று பிறகு நீங்கள் திணைக்களத்துக்கு விளக்கம் எழுதிக்கொள்ளுங்கள்.

நஸ்லியாவுக்கு இது ஒன்றும் தெரியாது. மாமா புதன்கிழமை வருகிறாரா என்று கேட்டாள். ஓம் என்று சொல்லிவிட்டேன். உங்களுக்காக நான் சொன்ன முதல் பொய்யாக அது ஆகாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

உங்கள் பிறசருக்கும் உங்களுக்கும் துஆ கேட்கிறேன். அல்லாஹ் உங்கள் பிரயாணத்தை இலேசாக்கி வைப்பானாக. நான் சொல்வது செவ்வாய்க்கிழமை இரவு யாழ்ப்பாணம் வருகிற பஸ்ஸை. வேறு பிரயாணங்களுக்கு வேறு யாரிடமாவது துஆ கேளுங்கள்.

புதன்கிழமை மூன்று மணி வரைக்கும்,
உங்கள் தங்கச்சி,
றஷீதா