உள்ளறையில் இல்லாத கட்டில்

அன்புள்ள என் கடைக்காரருக்கு,

உங்கள் கதவுக்காரி எழுதுவது. இங்கு நான் நலம்; மூச்சு மட்டும் பாதி நலம். நீங்களும், உங்கள் முழங்காலும், ஓடாத அந்த மூன்று கடிகாரங்களும் நலம்தானா?

போன கடிதத்தில் கடைக் கூரை ஒழுகுவதை எழுதியிருந்தீர்கள். பக்கத்து வீட்டுப் பூனை உங்கள் தராசுத் தட்டில் குட்டி போட்டதை ஒன்றரைப் பக்கம் எழுதியிருந்தீர்கள். நான் கேட்டதற்கு மட்டும் பதில் இல்லை. அதற்கு முந்தைய இரண்டு கடிதங்களிலும் இல்லை. கேட்டதை விட்டுவிட்டு மற்றதையெல்லாம் சொல்வதில் உங்களை மிஞ்ச ஆளில்லை என்பது கல்யாணமான வாரமே எனக்குத் தெரிந்துவிட்டது. ஆகவே இந்தத் தடவை சுற்றி வளைக்காமல் நடந்ததைச் சொல்லிவிடுகிறேன்.

நாற்பது கதவு செய்து கொடுத்துவிட்டு மூன்று மாதத்தில் இறங்கிவிடுவேன் என்றுதான் மலையேறினேன். பதினான்கு மாதம் ஆகிவிட்டது. ஏன் இறங்கவில்லை என்று சொந்தக்காரர்கள் ஆளுக்கொரு கதை கட்டுவார்கள். கட்டட்டும். காரணம் இதுதான். இந்த ஊரில் ஒவ்வொரு வீட்டிலும் ஓர் அறையைக் காலியாகவே வைத்திருக்கிறார்கள். பாய் இல்லை, படம் இல்லை, சுவரில் ஓர் ஆணிகூட இல்லை. அறையில் வேறொன்றும் இல்லாதபோது வருகிறவர்கள் எல்லாரும் கதவைத்தான் பார்க்கிறார்கள். இழைப்புளி பிடித்த இருபது வருடத்தில் என் வேலையை இப்படி நின்று பார்த்தவர்கள் கிடையாது.

பனி உருகும் முதல் நாள் அந்த அறைகளை எல்லாருக்கும் திறந்து வைப்பார்கள். தெருவே வீடுவீடாகப் போய் எட்டிப் பார்த்து, "ஒண்ணுமே இல்லீங்க உங்க வீட்டுல!" என்று சொல்லும், வீட்டுக்காரர்களுக்குப் பெருமையில் தலைகால் புரியாது. காற்றே பாதிதான் இருக்கிற உயரத்தில் இல்லாததைக் கொண்டாடாமல் வேறு எதைக் கொண்டாடுவார்கள் என்று முதலில் கேலியாகத்தான் நினைத்தேன். அன்று, வெறுங்கையோடு போகக் கூடாதே என்று எதிர்வீட்டு ரொட்டிக்காரம்மாவுக்கு ஒரு முக்காலி செய்து எடுத்துக்கொண்டு போனேன். கூட்டம் இரண்டடி பின்வாங்கியது. அந்த அம்மா என் தோளைத் தட்டி, "பரவால்லம்மா, குளிருக்கு அடுப்புல போட்டுக்கலாம்" என்று ஆறுதல் சொன்னார். அத்தனையும் நல்ல தேக்கு. இப்போது யார் வீட்டுக்கும் நானும் வெறுங்கையை வீசிக்கொண்டுதான் போகிறேன்.

விஷயத்துக்கு வருகிறேன். இங்கே சொந்தப் பட்டறை வைக்க வேண்டுமானால் ஓராண்டு ஓர் அறையைக் காலியாக வைத்துக் காட்ட வேண்டும். என் வீட்டில் இருப்பதே இரண்டு அறை. சமையல், படுக்கை, வேலை எல்லாம் முன்னறையில். உள்ளறையின் மரத்தரைக்கு மெழுகு போட்டு, நீளக் கோல் துடைப்பத்தால் தினமும் துடைத்து வந்தேன். போன செவ்வாய்க்கிழமை நகராட்சியிலிருந்து அறை பார்ப்பவர் வந்தார். குண்டான மனிதர், நல்ல ஜலதோஷம். காலுறையைக் கழற்றிவிட்டு உள்ளே போனார். தூசு தும்பு கிடையாது, எனக்கென்ன பயம் என்று வாசலில் நின்றேன். கதவை நான்கு முறை திறந்து மூடித் தலையாட்டினார். பிறகு உட்கார்ந்து டார்ச்சைத் தரையோடு தரையாகப் பிடித்து அடித்துப் பார்த்தார்.

"அறை காலியா இல்லையேம்மா. ஒரு கட்டில் கிடக்கே" என்றார்.

ஜலதோஷம் கண்ணுக்கு ஏறிவிட்டதோ என்று நினைத்தேன். என்னையும் குனிந்து பார்க்கச் சொன்னார். பார்த்தேன். கதவிலிருந்து ஜன்னலுக்கு நேராக ஐந்து எட்டு வைத்தால் போதும். நான் ஓராண்டாக வளைந்தே போயிருக்கிறேன். என் கால் பட்ட வழியெல்லாம் மெழுகு மங்கியிருந்தது. ஜன்னலை ஒட்டி ஒரு நீள்சதுரம் மட்டும் முதல் நாள் போலப் பளபளவென்று இருந்தது. அங்கே நான் கால் வைத்ததே இல்லை. கட்டிலுக்கு அடியில் துடைப்பது போலக் கோலை நீட்டி நீட்டித் துடைத்திருக்கிறேன். சத்தியமாக எனக்கே தெரியாது.

அவர் நாடாவை எடுத்து அளந்தார். "ஆறே முக்கால் அடி. ஆள் ரொம்ப உசரமோ?" என்று கேட்டார். உங்கள் கால் வெளியே நீட்டிக்கொண்டு நிற்கிறதே என்று நான் செய்து கொடுத்த கட்டிலின் அளவு. அரை அங்குலம் தப்பவில்லை. என் கண்ணளவை மெச்சிக்கொள்வதா, முகத்தை மூடிக்கொள்வதா என்று தெரியாமல் நின்றேன்.

"சாமான் இருந்தா எடுத்துருங்கன்னு சொல்லலாம். ஒருத்தருக்காக வச்சிருக்கற இடத்த எப்படிம்மா எடுக்கச் சொல்றது?" என்று அவரே வருத்தப்பட்டார். தாளில் 'ஆள் உண்டு' என்று எழுதினாற்போல் இல்லை, கொட்டை எழுத்தில் செதுக்கிவிட்டார். ஆறு வாரத்தில் மறுபடி வருவார். அதற்குப் பிறகு பனி விழுந்து பேருந்து நின்றுவிடும்.

போகும்போது, ஆள் என்ன தொழில் என்று விசாரித்தார். பழைய சாமான் வாங்குகிற கடை என்றேன். மூக்கைத் துடைத்துக்கொண்டிருந்தவர் அப்படியே நிமிர்ந்தார். "வீட்டுல இருக்கறத எடுத்துட்டுப் போறவரா? இத மொதல்லயே சொல்லக் கூடாதா!" என்றார். பேருந்து நிலையத்தில் வைத்து, காலி இடத்தைக் கும்பிடுகிற ஊரில் சாமான்காரனுக்கு என்ன வேலை என்று என்னைக் கேட்டீர்களே, ஞாபகம் இருக்கிறதா? இங்கே நல்ல மரத்தையெல்லாம் அடுப்பில் வைக்கிறார்கள், எடுத்துப் போக ஆளில்லாமல். நீங்கள் ஒரு வண்டியோடு வந்து நின்றால் போதும், வாசல்வாசலாகக் கூப்பிடுவார்கள்.

நன்றாக யோசித்துவிட்டேன். நீங்கள் வந்தால் முன்னறையில் என்னை இடித்துக்கொண்டு குறட்டை விடுவீர்கள். உள்ளறை தானாகக் காலியாகிவிடும். வரவில்லை என்று எழுதினால் இரண்டு நாள் அழுவேன். மூன்றாம் நாள் அந்தப் பளபளப்பின் நடுவில் நடந்து போய் ஜன்னலைத் திறப்பேன், அப்போதும் காலியாகிவிடும். பட்டறை எப்படியும் எனக்குக் கிடைக்கும், அதில் சந்தேகம் வேண்டாம். வருகிறீர்களா இல்லையா என்று நான் கேட்டதற்குப் பதில் சொல்லாமல் நீங்கள் நீட்டிப் படுத்திருப்பதுதான் இடத்தை அடைக்கிறது. எனக்கு எது வேண்டும் என்று கேட்டால், நீங்கள்தான் வேண்டும். இதை எழுத எனக்கு வெட்கமில்லை.

ஒன்று மட்டும் செய்துவிடாதீர்கள். எழுத வரவில்லை என்று வெற்றுத் தாளை மடித்து அனுப்பிவிடாதீர்கள். இந்த ஊரில் அதைவிட உயர்ந்த கடிதம் கிடையாது. தபால்காரர் தெருவையே கூட்டி வந்து என்னை வாழ்த்துவார்; அத்தனை பேர் நடுவில் நான் சிரித்துக்கொண்டு நிற்க வேண்டியிருக்கும். உங்கள் கோணல் கையெழுத்தில் ஒரே ஒரு வரி போதும். பூனையைப் பற்றி வேண்டாம்.

வருவதாக இருந்தால் மூட்டை குறைவாக இருக்கட்டும், படியேறும்போது முழங்கால் பத்திரம். வராவிட்டாலும் முழங்கால் பத்திரம்.

ஆறே முக்கால் அடியைச் சுற்றி நடக்கும்,
உங்கள் கதவுக்காரி