முதல் எட்டு நிமிடங்கள்

அண்ணே,

இன்று காலை பரணிலிருந்து பழைய வி.சி.ஆரை இறக்கினேன். அதைப் பழைய இரும்புக்காரனிடம் போடச் சொல்லி என் மனைவி நாலு மாதமாக நச்சரிக்கிறாள். தூசி தட்டும்போது உள்ளே ஏதோ ஆடியது. விரலை விட்டு இழுத்தால், நீங்கள் என்னிடமே விட்டுப்போன உங்கள் கேசட். முதுகில் உங்கள் கையெழுத்து, நாடாவில் வெள்ளைவெள்ளையாகப் பூஞ்சை. முகர்ந்து பார்த்தேன். அதற்கப்புறம் எனக்கு ஒரு வேலையும் ஓடவில்லை, உங்களுக்கு எழுத உட்கார்ந்துவிட்டேன்.

தொண்ணூற்றிரண்டு வாக்கில் முதன்முதலாக வந்தீர்கள். பிறகு ஒவ்வொரு மார்கழிக்கும் வந்தீர்கள். ஆசிரமத்துக்குப் பக்கத்தில், செங்கம் ரோட்டில், ஏகாம்பரத்தின் டீக்கடைக்கு மேலே இருந்த ஒற்றை அறைதான் உங்கள் இடம். மற்ற வெளிநாட்டுக்காரர்கள் கண்ணை மூடி உட்கார வந்தார்கள், நீங்கள் வாயைத் திறந்து பேச வந்தீர்கள். தெருவே உங்களை வெள்ளக்கார சாமி என்றது. கேபிள் டிவி நடத்திக்கொண்டிருந்த நான் மட்டும் அண்ணே என்றேன். உங்களுக்கும் அதுதான் பிடித்திருந்தது.

முப்பது வருஷம் இத்தாலி சினிமாவில் நடித்தவர் நீங்கள். நூறு படங்களுக்கு மேல் என்பீர்கள். ஒன்றில்கூடக் கதாநாயகன் இல்லை, வில்லனும் இல்லை. போலீஸ், பாதிரியார், ஓட்டல் சர்வர், குதிரைக்காரன், ரோமாபுரிச் சிப்பாய். ஒரு படத்துக்கு ஒட்டிய தாடியைப் பிய்க்க நேரமில்லாமல் அதோடு அடுத்த படத்துக்கு ஓடியிருக்கிறீர்கள். காலையில் அம்பு பட்டுச் செத்து, மத்தியானம் குண்டு பட்டுச் செத்திருக்கிறீர்கள். குரல்கூட உங்களுடையது இல்லையாம், வேறு யாரோ பேசுவார்களாம். "ஹீரோ உள்ள வரணும், ஒருத்தன் கதவு தொறக்கணும். அது நான்," என்று உங்கள் தமிழில் சொல்லிவிட்டு டீயை உறிஞ்சுவீர்கள்.

ஏகாம்பரத்துக்கு இது ஒன்றும் பிடிபடவில்லை. "இன்னாப்பா இது? திங்கக்கிழம போலீஸ்ன்றாரு, செவ்வாக்கிழம சாமியாருன்றாரு. ஒரு மனுசன் எத்தினி வாட்டிதான் சாவான்? நடிகர்னா ஒண்ணு ஹீரோ, இல்லாங்காட்டி வில்லன், அதுவும் இல்லன்னா காமெடி. நடுவுல இன்னா இருக்குது? வடிகட்டின பொய்!"

கடையில் இருந்தவர்களெல்லாம் சிரித்தார்கள். நீங்களும் சிரித்தீர்கள். எனக்குத்தான் சுருக்கென்று ஏறிவிட்டது. என் கோபம்தான் உங்களுக்குத் தெரியுமே.

"யோவ், வர்ற ஞாயித்துக்கிழம எங்க அண்ணன் படத்த என் சேனல்ல போடறேன். அவர் மூஞ்சி அதுல வரலன்னா இந்த மீசைய எடுத்துடறேன்," என்றேன்.

ஏகாம்பரம் விடுவாரா? "உன் மீசய வெச்சி நான் இன்னா பண்றது? வரலன்னா அன்னைக்கே அவர் ரூமக் காலி பண்ணிடணும். பொய் பேசறவங்களுக்கு என் வீட்ல இடம் கெடையாது."

நீங்கள் மாடிக்குப் போய் இந்தக் கேசட்டைக் கொண்டுவந்து என் கையில் கொடுத்தீர்கள். வைத்திருந்தது அது ஒன்றுதான். குதிரை, துப்பாக்கி, புழுதி பறக்கிற படம்.

இப்போது என் குற்றத்தைச் சொல்கிறேன். எங்கள் தொழிலில் அன்று ஒரு கெட்ட பழக்கம் இருந்தது. எந்தப் படம் போட்டாலும் எழுத்து முடிகிறவரை ஓட்டிவிட்டுத்தான் போடுவோம். பேர் பேராக வருவதை எவன் பார்ப்பான்? அந்த இடத்தில் ஜவுளிக்கடை விளம்பரமும் கல்யாண வாழ்த்தும் போடலாம். கை தானாகவே அதைச் செய்யும். அன்றைக்கும் செய்தது. வீட்டு முன்னறையில் சேனலுக்கு வைத்திருந்த வி.சி.ஆரில் கேசட்டைச் செருகினேன், திரையைக்கூடப் பார்க்காமல் கைக்கணக்காக முதல் எட்டு நிமிடத்தை ஓட்டித் தள்ளினேன், விளம்பரத்தை முடித்துப் படத்தைப் போட்டுவிட்டு டீக்கடைக்கு ஓடிவந்தேன்.

தெருவே கடை டிவிக்கு முன்னால் இருந்தது. நீங்கள் பெஞ்சில் முழங்கால்மேல் கை வைத்து உட்கார்ந்திருந்தீர்கள். ஒவ்வொரு தொப்பிக்காரன் வரும்போதும் ஏகாம்பரம், "இவரா? இவரா?" என்றார். பாஷை புரியாத படத்தை இரண்டு மணி நேரம் பார்த்தோம். குதிரைகள் வந்தன, போயின. நீங்கள் வரவே இல்லை.

படம் முடிந்ததும் எழுந்த ஊளைச் சத்தம் இன்னும் என் காதில் இருக்கிறது. நீங்கள் எழுந்தீர்கள், ஏகாம்பரத்தைப் பார்த்துக் கும்பிட்டீர்கள், மாடி ஏறினீர்கள். நான் நேரே சலூனுக்குப் போனேன், சொன்ன சொல் சொன்னதுதான். வீட்டுக்கு வந்தால் என் மனைவி கதவைத் திறந்து, "யாருங்க வேணும்?" என்றாள்.

மறைப்பானேன் அண்ணே, அப்போது உங்கள்மேல்தான் எனக்கு ஆத்திரம். இந்த மனுஷனை நம்பித் தெருவில் தலைகுனிந்தோமே என்று பொருமினேன். கேசட்டை முகத்தில் விட்டெறிந்துவிட்டு வரலாம் என்றுகூட நினைத்தேன். ஆனால் சுற்றாத கேசட்டைத் திருப்பிக் கொடுப்பது எங்கள் தொழிலில் மரியாதை இல்லை. எவ்வளவு கோபத்திலும் அதை மட்டும் செய்வோம். பின்னோக்கிச் சுற்றவிட்டுத் திரையை முறைத்துக்கொண்டு நின்றேன்.

கடைசியில் எழுத்துகள் தலைகீழாக ஓடி மறைந்தன. அதற்கும் முன்னால் ஒரு பெரிய மரக்கதவு. புழுதியில் ஒருவன் செத்துக் கிடந்தான். சுற்றுகிற வேகத்தில் அந்தப் பிணம் எழுந்தது, துப்பாக்கியைக் கையில் வாங்கியது, முகத்தைத் திருப்பியது. நீங்கள்!

"அய்யய்யோ!" என்று நான் கத்திய கத்தில் என் மனைவி அடுப்படியிலிருந்து ஓடிவந்தாள். அந்தப் படத்தின் எழுத்தே நீங்கள் விழுந்த பிறகுதான் ஆரம்பிக்கிறது. உங்களை வெட்டியது நான், என் கட்டைவிரல்!

அப்போது என் சேனலில் வேறு ஏதோ ஓடிக்கொண்டிருந்தது. அதை அப்படியே நிறுத்தினேன். ஓர் அட்டையில் பெரிதாக, 'நம்ம செங்கம் ரோடு நடிகர், கண்ணை எடுக்காதீங்க' என்றும் கீழே உங்கள் பெயரையும் எழுதிக் கேமராவுக்கு முன்னால் பிடித்தேன். பிறகு படம். நீங்கள் கதவைத் திறக்கிறீர்கள், ஒரே ஒரு வார்த்தை பேசுகிறீர்கள், துப்பாக்கியைத் தூக்குகிறீர்கள், சுடப்பட்டு ஒரு சுற்றுச் சுற்றி விழுகிறீர்கள். மறுபடி சுற்றிப் போட்டேன். மூன்றாவது தடவைக்கு வெளியே விசில் பறந்தது. நாலாவது தடவை நான் போட்டுவிட்டு ஓடிவந்துவிட்டேன்.

நீங்கள் பெட்டியோடு மாடிப்படியில் இறங்கிக்கொண்டிருந்தீர்கள். ஏகாம்பரம் குறுக்கே நின்று பெட்டியைப் பிடுங்கினார். "எங்க போறீங்க? என் வாய்ல புத்து வெக்க! இது உங்க ரூமுங்க, நீங்க எப்ப வந்தாலும் உங்களுதுதான்," என்றார். கண்ணைத் துடைத்துக்கொண்டே, "ஒரே ஒரு வாட்டி அதே மாரி செத்துக் காட்டுங்க சாமி," என்றார்.

சின்னப் பிள்ளை மாதிரி உங்கள் முகம் மலர்ந்ததே, அடடா! நடு ரோட்டுக்குப் போனீர்கள், இல்லாத துப்பாக்கியைத் தூக்கினீர்கள், ஒரு சுற்று, பொத்தென்று விழுந்தீர்கள். செங்கம் பஸ் கிறீச்சென்று நின்றது. கண்டக்டர் இறங்கிவந்து, "யோவ், யாருக்கு இன்னாய்யா ஆச்சி?" என்று அலறினார். "ஒண்ணும் இல்லப்பா, எங்க ஆளு நடிக்கிறாரு!" என்று தெரு மொத்தமும் பதில் சொன்னது. பூக்கடைக்கார அம்மா கோயிலுக்குக் கட்டி வைத்திருந்த சாமந்தி மாலையை உங்கள் கழுத்தில் போட்டாள். பஸ்ஸுக்குள்ளிருந்து, "ஒன்ஸ் மோர்!" என்றார்கள். நீங்கள் மறுபடி செத்தீர்கள். யாரோ எடுத்து உங்களுக்குக் கொடுத்த போட்டோவில் உங்கள் பக்கத்தில் மீசையில்லாமல் இளிக்கிறேனே, அது அந்த நிமிடம்தான்.

கூட்டம் கலைந்தபின், "உங்க சீன் எழுத்துக்கு முன்னாலன்னு ஆரம்பத்துலயே உங்களுக்குத் தெரியும்ல? ஏண்ணே சொல்லல?" என்று கேட்டேன்.

"எனக்குப் பழக்கம் தம்பி. அங்கயும் வெட்டுவாங்க. சொன்னா எல்லாரும் உன்னத் திட்டுவாங்க," என்றீர்கள். என் மொட்டை உதட்டைத் தொட்டுப் பார்த்துவிட்டு, "என் பேரு ஜனங்க வாயில, இன்னைக்குத்தான் கேட்டேன்," என்றீர்கள். இரண்டு பேரும் அழுதோம். நான்தான் ஜாஸ்தி.

அதற்கப்புறம் உங்களைக் கையில் பிடிக்க முடிந்ததா? அடி அண்ணாமலையிலிருந்து ஆட்டோ பிடித்துப் பார்க்க வந்தார்கள். பௌர்ணமி கிரிவலக் கூட்டத்தில்கூட யாராவது உங்களை நிறுத்தி, "சார், ஒரு வாட்டி சாவுங்க," என்பார்கள். ஒரு தடவையும் நீங்கள் முடியாது என்றதில்லை.

ஒரு மார்கழிக்கு நீங்கள் வரவில்லை, உங்கள் தங்கையின் கடிதம்தான் வந்தது. இத்தாலியில் உங்கள் அறைச் சுவரில் சினிமாப் படம் ஒன்றுகூட இல்லையாம். சாமந்தி மாலையோடு ஒரே ஒரு போட்டோதானாம், பக்கத்தில் நிற்பவர் யார் என்று கேட்டிருந்தார். அன்றைக்கும் அதே சலூனுக்குப் போனேன். கடைக்காரர் கத்தியை நிறுத்தி, "யாருக்குங்க?" என்றார். "எங்க அண்ணனுக்கு," என்றேன். என் அப்பாவுக்குப் பிறகு நான் மீசை எடுத்த சாவு உங்களுடையதுதான்.

கேபிள் இன்றும் ஓடுகிறது அண்ணே. என் சேனலில் எந்தப் படத்துக்கும் எழுத்தை வெட்டுவதில்லை, முன்னாலும் சரி, பின்னாலும் சரி. போன வாரம்கூட வேங்கிக்காலிலிருந்து ஒரு அம்மா போன் பண்ணி, "படம்தான் முடிஞ்சிடுச்சேங்க, வெறும் பேரா ஓடுது, அடுத்தத போடக்கூடாதா?" என்று சத்தம் போட்டார்.

"இன்னும் முடியலம்மா," என்றேன். "ஆளுங்க வந்துட்டே இருக்காங்க."