ஆரஞ்சுக் கம்பளத்தில் கடைசிப் போட்டி

ஜனவரி 11, 1982

பனி கொட்டியதில் மதியம்வரை கடையில் ஒரு ஈ காக்கை இல்லை. போணி ஆனதே இரண்டு மணிக்கு மேல்தான், அதுவும் ஒரு கால்மிதி. ஓடிஸ் ஹீட்டர் பக்கம் உட்கார்ந்து சாண்ட்விச் தின்றுகொண்டே, "ஒரு கால்மிதி விக்க ஓஹையோ முழுக்கக் கேக்குற மாதிரி பேசினீங்களே மொதலாளியம்மா" என்றான். பதினைந்து வருஷமாக எனக்குக் கம்பளம் விரிக்கிறவன். வாய்க்கும் சேர்த்துத்தான் சம்பளம்.

சாயங்காலம் என் மகள் ட்ரூடி கல்லூரியிலிருந்து போன் செய்தாள். கடைசி வருஷம். அவள் ஆடும் மில்பிரிட்ஜ் கல்லூரி ஜிம்னாஸ்டிக்ஸ் அணிக்கு இந்த வருஷம் ஒரு புதுத் தலைவலியாம். பெண்கள் கல்லூரிப் போட்டிகளை ஆரம்பத்திலிருந்து நடத்திவருவது பெண்கள் சங்கம். இப்போது ஆண்களின் பெரிய சங்கமும் பெண்களுக்கென்று ஒரு சாம்பியன்ஷிப் போடுகிறது. பஸ், ஹோட்டல், சாப்பாடு எல்லாம் அவர்கள் செலவு. இரண்டில் ஒன்றுக்குத்தான் போக முடியும்.

"இதுல யோசிக்க என்னடி இருக்கு? காசு குடுக்கிறவன் கிட்டப் போங்க" என்றேன்.

"சரிம்மா" என்று போனை வைத்துவிட்டாள். அவள் வாதாடாமல் போனை வைத்தால் நான் தோற்றுவிட்டேன் என்று அர்த்தம்.

ஜனவரி 24

போட்டி பார்க்கப் போனேன். பயிற்சியாளர் பெவ் ஹாலோரனைத் தனியாகப் பிடித்து இரண்டு சங்க விஷயத்தை எடுத்தேன். முப்பத்தைந்து வயது இருக்கும்; குரல் மட்டும் பட்டாளத்துக் குரல்.

"வில்மா, பதிமூணு வருஷம் முன்னாடி முதல் சாம்பியன்ஷிப்ல நான் போட்டி போட்டேன். ஒவ்வொரு காலேஜும் மெத்தையை வேன் மேல கட்டி எடுத்துட்டு வந்தோம். நடுவருங்க எங்க ஹாஸ்டல் ரூம்ல படுத்தாங்க. டிரஸ் நாங்களே தைச்சோம். அன்னிக்கு அந்த ஆம்பளைங்க யாராவது எட்டிப் பாத்தாங்களா?"

"இப்பப் பாக்குறாங்களே. லாபம்தானே?"

"லாபம்தான். இனிமே அவங்க சொல்றதுதான் சட்டம்கிறதும் அதுல சேர்த்தி."

கடைக்காரியாக எனக்கு அவள் சொன்னது புரிந்தது. அம்மாவாகப் பார்த்தால் என் பெண்ணுக்கு இருப்பது ஒரே ஒரு வருஷம்.

பிப்ரவரி 7

இன்று கோபம். ட்ரூடி தரைப் பயிற்சியில் மட்டும்தான் இறங்குகிறாள், அதிலும் ஆறு பேரில் முதல் ஆளாக. பக்கத்தில் இருந்த ஒரு தகப்பன் விளக்கினான்: ஆறு பேர் ஆடினாலும் அணிக்கு ஐந்து மதிப்பெண்தான் சேரும், குறைந்ததைத் தள்ளிவிடுவார்கள். நடுவர்கள் போகப் போகத்தான் கையைத் தாராளமாக்குவார்கள். அதனால் கெட்டிக்காரியைக் கடைசியில் விடுவார்கள். அப்படியானால் என் பெண் தள்ளுபடி சரக்கா?

காரில் கேட்டேவிட்டேன். சிரித்தாள்.

"காலையில கடைக்கு வர்ற முதல் ஆள்கிட்ட நீயே போய் ஏன் நிக்கிற? ஓடிஸை ஏன் விடறதில்ல?"

"போணி சரியா நடக்கணும். அது கோணினா அன்னிக்கு முழுக்கக் கோணும்."

"அதேதாம்மா. நான் விழாம இறங்கினாத்தான் பின்னால வர்ற அஞ்சு பேரும் தைரியமா ஓடுவாங்க. என் நம்பரைத் தூக்கிப் போட்டாலும் போட்டுட்டுப் போகட்டும்."

நியாயமாகத்தான் சொல்கிறாள் சனியன்.

பிப்ரவரி 12

அணிப் பெண்கள் ஓட்டுப் போட்டு முடிவெடுத்துவிட்டார்களாம். பெண்கள் சங்கத்துக்கே போகிறார்கள். போனிலேயே கத்தினேன். ட்ரூடி அமைதியாகக் கேட்டாள்: "அந்தப் பெரிய கம்பெனி நம்ம கடையை விலைக்குக் கேட்டப்ப நீ என்ன சொன்ன?"

அதை இங்கே எழுத முடியாது. கெட்ட வார்த்தை.

பிப்ரவரி 28

ட்ரூடிக்குக் கணுக்கால் பிசகிவிட்டது. வலது. எலும்பு முறியவில்லை என்று டாக்டர் சொன்னார்.

மார்ச் 9

மூடப் போகிற கடையை எனக்கு வாசனையிலேயே தெரியும். முதலில் நல்ல ஆட்கள் வேறு வேலை பார்த்துக்கொள்வார்கள். பிறகு பெரிய வாடிக்கையாளர்கள் வேறு பக்கம் திரும்புவார்கள். கடைசியில் போன் அடித்துக்கொண்டே இருக்கும், எடுக்க ஆள் இருக்காது. பெண்கள் சங்கத்துக்கு இப்போது மூன்றுமே நடக்கிறது. பெரிய கல்லூரிகள் எல்லாம் அந்தப் பக்கம் போயாயிற்று, டிவிக்காரர்களும் போயாயிற்று. ஹாலோரன் நேற்று ஒரு விவரம் கேட்கப் பெண்கள் சங்க ஆபீசுக்கு நான்கு முறை போன் செய்தாளாம், யாரும் எடுக்கவில்லை.

இந்த மாதக் கடைசியில் போட்டி. நடக்குமா? "நடக்கும்மா" என்கிறாள் ட்ரூடி, கணுக்காலைப் பனிக்கட்டி வாளிக்குள் விட்டுக்கொண்டு. நடக்காவிட்டால் அந்த வாளியும் வலியும் எதற்கு? ஒரு தட்டு பியரோகிக் கொழுக்கட்டை வைத்துக் கொடுத்தேன்.

மார்ச் 20

தகுதி பெற்றுவிட்டார்கள்! இண்டியானாவில் ஒரு சின்னக் கல்லூரியில் போட்டி. ட்ரூடி கணுக்காலில் கட்டுப் போட்டு ஆடலாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

மார்ச் 23

ஹாலோரன் கடைக்கே போன் செய்தாள். குரலில் பட்டாளத்தைக் காணோம்.

போட்டி நடக்கும் கூடத்தில் பனி உருகும் நேரத்தில் குழாய் வெடித்திருக்கிறது. தரைப் பயிற்சித் தளத்தின் பலகையும் ஸ்பிரிங்கும் மேடையில் அடுக்கியிருந்ததால் தப்பின. அதன் மேலே விரிக்கும் கம்பளம் மட்டும் இரண்டு நாள் தண்ணீரில் கிடந்து அழுகல் நாற்றம். எப்போதும் கடன் கொடுக்கும் பக்கத்துப் பெரிய பல்கலைக்கழகம் இந்த வருஷம் ஆண்கள் சங்கத்தோடு போய்விட்டது. அவர்கள் கம்பளமும் கூடவே போயிருக்கிறது.

"புதுசு வர மூணு வாரம் ஆகுமாம். ஃப்ளோர் இல்லாம மத்த மூணு ஐட்டத்தை மட்டும் நடத்திடலாமான்னு பேசறாங்க."

ஃப்ளோர், அதாவது தரைப் பயிற்சி, இல்லையென்றால் ட்ரூடிக்குப் போட்டியே இல்லை. நான்கு வருஷமும் பனிக்கட்டி வாளியும் அத்தோடு சரி.

"பெவ், உங்களுக்குக் கலர் முக்கியமா?"

"என்ன கலர் இருக்கு?"

"சொன்னா வேண்டாம்னுருவீங்க."

ஒரு மோட்டல்காரன் ஆர்டர் கொடுத்துவிட்டு மோட்டலையே மூடிக்கொண்டு போனான். நான்கு வருஷமாகக் கோடவுனில் கிடக்கும் கம்பளச் சுருள். குட்டை முடி, கெட்டி நெசவு, பூசணிக்காய் ஆரஞ்சு. அந்த அளவுக்கு ஒரே நிறத்தில் என்னிடம் வேறு சரக்கு இல்லை.

மார்ச் 25

காலை பத்து மணிக்கே கூடத்தில் இறங்கிவிட்டோம். கம்பளம் பன்னிரண்டு அடி அகலம்தான். தரையை மூட நான்கு துண்டு, மூன்று இணைப்பு. மூலைக்கு மூலை ஓடி வருகிற பெண் மூன்றையும் கடந்துதான் ஆக வேண்டும்.

ஓடிஸ் சூடு போட்டு ஒட்டும் பெட்டியைத் திறந்தான். "வேண்டாம்" என்றேன். ஒட்டினால் இணைப்பு வரப்பு மாதிரி எழும்பும். வரவேற்பறையில் யாரும் கவனிக்க மாட்டார்கள். பிசகின கணுக்கால் கவனிக்கும்.

"அப்ப கையால தைக்கணும். மூணு இணைப்பு! எனக்கு வயசு அம்பத்தெட்டு மொதலாளியம்மா."

"எனக்கு அம்பத்திரண்டு. ஊசியை எடு."

கம்பளத்தைக் குப்புறப் போட்டு, வளைந்த ஊசியும் மெழுகு நூலுமாக உட்கார்ந்தோம். அந்தப் பக்கம் அணிகள் கட்டையிலும் கம்பியிலும் பயிற்சி. கொஞ்ச நேரத்தில் மிசௌரிப் பெண் ஒருத்தி வந்து, "ஆன்ட்டி, ஓரத்தைப் புடிச்சுக்கட்டுமா?" என்றாள். பிறகு இன்னொருத்தி. மதியத்துக்குள் ஐந்தாறு கல்லூரிப் பெண்கள் வரிசையாக முட்டி போட்டு, வழுக்காமல் இருக்கப் பூசிய சுண்ணப் பொடிக் கையோடு இரண்டு விளிம்பையும் சேர்த்துப் பிடித்திருந்தார்கள். சனிக்கிழமை ஒருத்தியை ஒருத்தி தோற்கடிக்கப் போகிறவர்கள்.

"கையை எடும்மா, ஊசி குத்தினா ஒங்க கோச் என்னைத்தான் குத்துவாங்க" என்று ஓடிஸ் விரட்டிக்கொண்டே இருந்தான். ஒருத்தியும் எடுக்கவில்லை.

புரட்டி விரித்தபோது கூடமே ஆரஞ்சாகிவிட்டது. ஹாலோரன் கண்ணைச் சுருக்கிக்கொண்டு நின்றாள்.

"என்ன பெவ், புடிக்கலையா?"

"கண்ணு கூசுது வில்மா. அதான் தண்ணி வருது."

மார்ச் 26

இணைப்பு எங்கே இருக்கிறதென்று ட்ரூடியிடம் கேட்டேன். வெறுங்காலால் தேய்த்துப் பார்த்துவிட்டு, "தெரியலம்மா" என்றாள். எனக்குத் தெரியும். மூன்றும் கண்ணை மூடினாலும் தெரிகிறது.

மார்ச் 27

நடந்தது!

கூட்டம் பாதிக்கூடம்தான். கேமரா எதுவும் இல்லை. எங்கள் அணிக்குத் தரைப் பயிற்சி கடைசிச் சுற்றில் விழுந்தது. அதற்குள் மற்ற அணிகளின் பெண்கள் என் கம்பளத்தில் ஓடி முடித்திருந்தார்கள். ஒவ்வொருத்தி ஓடும்போதும் நான் அவளைப் பார்க்கவில்லை. இணைப்பைத்தான் பார்த்தேன். ஒருத்தி இரண்டாவது இணைப்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டாள். எழுந்து ஓடிப்போய்ப் பார்க்கவிருந்தேன். ஓடிஸ் கோட்டைப் பிடித்து இழுத்தான்: "ஒக்காருங்க. அந்தப் புள்ள அரை அடி தள்ளி விழுந்துச்சு. நம்ம தையல் மேல பழி இல்ல."

மில்பிரிட்ஜ். முதல் ஆள். ட்ரூடி.

மூலையில் நின்றாள். கட்டுப் போட்ட காலை ஒருமுறை தரையில் தட்டினாள். ஓடினாள். ஒன்று, இரண்டு. மூன்றாவது இணைப்பைத் தாண்டி எம்பினாள். மேலே போனபோதுதான் முதல்முறையாக நான் கம்பளத்தை விட்டு அவளைப் பார்த்தேன். சுற்றி வந்து இரண்டு காலையும் ஊன்றி நின்றாள். ஒரு அங்குலம் நகரவில்லை.

பிறகு நடந்ததெல்லாம் எனக்குக் கலங்கலாகத்தான் தெரிந்தது. முடித்து வந்தவள் அடுத்தவளின் கையைத் தட்டி ஏதோ சொன்னாள். அந்தப் பெண் சிரித்துக்கொண்டே போய் மூலையில் நின்றாள். நான்காவதாக ஆடியவள் தடுமாறி விழுந்தாள். தள்ளியது அவள் மதிப்பெண்ணை. ட்ரூடியுடையது சேர்ந்தது.

மூன்றாவது இடம். கோப்பை ஒன்றும் பெரியதில்லை. ட்ரூடி வியர்வையும் சுண்ணப் பொடியுமாக வந்து கட்டிக்கொண்டதில் என் நீலக் கோட்டு வெள்ளையாகிவிட்டது. "அடுத்தவகிட்ட என்னடி சொன்ன?" என்று கேட்டேன்.

"போணி ஆயிருச்சு, போன்னேன்."

மார்ச் 28

பத்து மணிவரை தூங்கினேன். கடை ஆரம்பித்த நாளிலிருந்து இப்படித் தூங்கியதில்லை.

ஜூலை 1

பெண்கள் சங்கம் நேற்றோடு வேலையை நிறுத்திவிட்டதாக ஹாலோரன் சொன்னாள். அடுத்த வருஷம் மில்பிரிட்ஜும் அந்தப் பக்கம்தான். வருத்தமா என்று கேட்டேன். "வருத்தம்தான். ஆனா பாதியில கைவிட்டோம்னு யாரும் சொல்ல முடியாது. கடைசிப் போட்டி வரைக்கும் முழுசா நடத்திட்டுத்தான் மூடினோம்" என்றாள். நானும் இரண்டு கடை மூடியிருக்கிறேன், இதற்கு முன்னால். இவ்வளவு மரியாதையாக மூடியதில்லை.

கம்பளம் கோடவுனுக்கே திரும்பி வந்துவிட்டது. ஓடிஸ் இரண்டு நாள் அடித்தும் சுண்ணப் பொடி முழுசாகப் போகவில்லை.

செப்டம்பர் 13

ட்ரூடி காலையில் கடை திறக்கும்போதே வந்து நின்றாள். பக்கத்து ஊரில் மூடிக் கிடக்கும் ஸ்கேட்டிங் கூடத்தை வாடகைக்கு எடுத்துவிட்டாளாம். சிறு பெண்களுக்கு ஜிம்னாஸ்டிக்ஸ் வகுப்பு. என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. பதினொரு பேர் சேர்ந்தும் ஆயிற்றாம்.

"கம்பளம் வேணும்."

"எடுத்துட்டுப் போ."

"சும்மா வேண்டாம். விலை சொல்லு."

சொன்னேன்.

"இதுக்கா? கலரைப் பாரு! நாலு வருஷமா விக்காத சரக்கு. கறை வேற."

"அந்தக் கறை உன் கால்லேர்ந்து வந்ததுடி!"

அரைமணி நேரம் பேரம் பேசினாள். நகரவே இல்லை. ஓடிஸ் இரண்டு பக்கமும் தலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "மொதலாளியம்மா, இது ஒங்க பொண்ணுதான், சந்தேகமே இல்ல" என்றான். கடைசியில் நான் நினைத்ததைவிடக் கொஞ்சம் குறைவாக, அவள் நினைத்ததைவிடக் கொஞ்சம் கூடுதலாக முடிந்தது.

இணைப்புகளைப் பிரிக்காமல் அப்படியே சுருட்டி வண்டியில் ஏற்றினோம்.

இன்றைய போணி: ஆரஞ்சுக் கம்பளம், முழுவதும். வாங்கியவர்: ட்ரூடி கோஸ்ட்கா.